தட்டிக்கு அந்தப் பக்கத்துச் சில்வண்டுகள்

கருவாட்டு வாசத்திலேயே வாழும் தங்கச்சிமடத்தில் ஒருவர் மூக்கைப் பொத்தினால் அது செய்தி. அதிலும் கருவாட்டு வியாபாரி கில்பர்ட்டே மூக்கைப் பொத்திக்கொண்டு தன் சரக்குக் கிட்டங்கியிலிருந்து வெளியே ஓடிவந்தால் தெருவே எட்டிப் பார்க்காதா?

கிட்டங்கியின் பின்பாதியைத் தட்டி வைத்து மறைத்து, பிரெசில்லாவுக்கு வாடகைக்கு விட்டிருந்தார். அவள் அங்கே பெட்டி பெட்டியாகச் சில்வண்டு வளர்த்தாள். மதுரையில் அலங்கார மீன் விற்கும் கடைக்காரர்கள் மீன் தீனிக்கு உயிரோடு வாங்கிக்கொள்வார்கள்.

"ஏத்தா, பரமக்குடி தர்மராஜ் சனிக்கிழமை சரக்குப் பாக்க வாராரு. அந்தாளு மோந்து பாத்துத்தான் விலை சொல்லுவாரு. உன் பூச்சி நாத்தம் என் நெத்திலியில ஏறுச்சுன்னா நான் தொலைஞ்சேன். அதுக்குள்ள நாத்தம் போகணும். இல்லன்னா நீ போகணும்."

"இம்புட்டையும் தூக்கிக்கிட்டு நான் எங்கனண்ணே போவேன்?"

"கடல்ல கொட்டு. அங்கனயும் மீனுதான திங்கப்போகுது!"

மீன்பிடிக் குடும்பத்துப் பெண்ணுக்குச் சுத்தம் என்றால் தண்ணீர். பூச்சிகளை ஒரு பக்கம் ஒதுக்கிவிட்டு, படகைக் கழுவுவதுபோல் பெட்டிகளை அலசித் தள்ளினாள். மறுநாள் நாற்றம் இருமடங்கு, கண்ணே எரிந்தது. பூச்சிகள் ஒளிந்துகொள்ள வைத்திருந்த முட்டை அட்டைகள் ஊறிப்போய், அடியில் கிடந்த எச்சம் சேறாகியிருந்தது.

இந்த இடத்தில்தான் அவளை எனக்குப் பிடித்துப்போனது. அழவில்லை. ஊதுபத்தி கொளுத்தி ஏமாற்றவும் பார்க்கவில்லை. ஒவ்வொரு பெட்டியாகக் குனிந்து முகர்ந்தாள். நனைந்த மூலைகள் நாறின; காய்ந்திருந்த மூலைகளில் பூச்சிக்குத் தீனியாகப் போடும் தவிட்டு வாசம் மட்டும்தான். நாறுவது பூச்சியல்ல, ஈரம்தான் என்று பிடித்துவிட்டாள்.

அப்புறம் கை ஓயவில்லை. ஊறிய அட்டைகளை வீசிவிட்டுப் புதிது வைத்தாள். தண்ணீர்க் கிண்ணத்தை எடுத்துவிட்டு, பூச்சியின் தாகத்துக்குக் கேரட் துண்டு போட்டாள். அதையும் அழுகவிடாமல் மாற்றினாள். எச்சத்தைச் சலித்தாள், செத்ததைப் பொறுக்கினாள். பெட்டி மூடிகளை அறுத்துக் கம்பிவலை பதித்தாள். அடைத்துக் கிடந்த பின்சன்னலைத் திறந்து அதற்கும் வலை அடித்தாள். கடற்காற்று காசு கேட்காமல் வேலை பார்த்தது.

சனிக்கிழமை தர்மராஜ் வந்தார். நெத்திலியை முகர்ந்தார், திருக்கையை முகர்ந்தார், தட்டியருகே போனதும் நின்றுவிட்டார். கில்பர்ட் சிலுவை போட்டுக்கொண்டார்.

"உள்ள என்னய்யா கீச்சு கீச்சுன்னு சத்தம்?"

"சில்வண்டுண்ணே, ஆயிரக்கணக்குல வளக்குறேன்" என்றாள் பிரெசில்லா.

"ஆயிரமா!" தட்டி இடுக்கில் மூக்கை வைத்து இழுத்தார். "தவிட்டு வாசம்ல வருது. ஏய்யா கில்பர்ட்டு, உன் பக்கத்தவிட அந்தப் பக்கம் தேவலயே!"

நெத்திலி நல்ல விலைக்குப் போனது. வண்டி கிளம்பியதும் கில்பர்ட் தட்டியருகே வந்து இருமினார்.

"அந்தச் சன்னல் மாதிரி எம்பக்கமும் ஒண்ணு தொறந்து வலை அடிச்சுக் குடேன்."

"மொதல்ல நான் இருக்கவா, போகவான்னு சொல்லுங்க."

"நீ போயிட்டா வலைய யாரு அடிக்கிறது? இரு தாயி."

"அப்ப உக்காருங்கண்ணே, கூலி பேசுவோம்" என்று ஒரு காலிப் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டாள்.