இன்னும் ஒரு மெத்தை

பெயிண்டர் இரண்டாம் மாடியிலிருந்து விழ ஆரம்பித்தது ஒரு செவ்வாய்க்கிழமை. விழுந்து முடித்தது ஒரு வியாழக்கிழமை. நடுவில் பத்தொன்பது வருடம். தெருக்காரர்கள் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, ஏனென்றால் நேரந்தின்னி அந்தத் தெருவுக்குப் புதிதல்ல. உடும்பு நீளம், பல்லி மாதிரி சுவரோடு ஒட்டிக்கொள்ளும் விரல்கள், இமை இல்லாத இரண்டு கண்கள். அது எதை உற்றுப் பார்க்கிறதோ அதற்கு நேரம் ஓடாது. முந்தின வருடம் டீக்கடைப் பானையைப் பார்த்து, பொங்கி வழிந்த பாலை நாலு நாள் அந்தரத்தில் நிறுத்தி வைத்திருந்தது. துடைப்பத்தைக் காட்டினால் போய்விடும். ஆனால் ஒரு மனிதன் தொங்கிக்கொண்டிருக்கும்போது துடைப்பத்தை எடுக்க யாருக்கும் மனசு வரவில்லை.

அவன் மனைவி மெத்தை தைக்கிறவள். அதே கட்டிடத்தின் கீழ்த்தளத்தில் முன்னறை கடை, பின்னறை வீடு. சாப்பிட வரச்சொல்லி அவள்தான் வாசலில் நின்று குரல் கொடுத்தாள். "இதோ வந்து..." என்று திரும்பியவனுக்குக் கால் நழுவியது. எதிர்ச்சுவரில் ஒட்டியிருந்த நேரந்தின்னி அவனைப் பார்த்துவிட்டது. சாரத்துக்கும் தரைக்கும் நடுவே ஒரு கையை நீட்டி, வாயைத் திறந்தபடி நின்றுவிட்டான். பிரஷும் அவன் முழங்காலுக்குப் பக்கத்தில் நின்றது. கூட வேலை பார்த்த கொத்தனார் எட்டிப் பிடிக்கப் போய், அவர் கையும் முழங்கை வரை மாட்டிக்கொண்டது. நாலு பேர் சேர்ந்து இழுத்தார்கள். அந்தக் கையில் நகம் இன்றுவரை ஒரு வாரம் பிந்தித்தான் வளர்கிறது. "கீழ மெத்தையப் போடும்மா, பல்லிய விரட்டிடலாம்" என்றார் அவர். கடையில் இருந்த மூன்று மெத்தைகளையும் இழுத்துப் போட்டுவிட்டு அவள் அண்ணாந்து பார்த்தாள். தான் கூப்பிட்டதால்தானே விழுந்தான் என்று நினைத்தாள். "இன்னும் ஒரு மெத்தை போட்டுடறேண்ணே" என்றாள்.

அந்த ஒரு மெத்தை நாலு நாளில் தயாரானது. போட்ட பிறகு அதுவும் போதாதென்று தோன்றியது. அடியில் கிடக்கும் பஞ்சு அழுந்திக் கல்லாகிவிடும் என்பதால் வருடத்துக்கு ஒருமுறை எல்லாவற்றையும் பிரித்து, உதறி, வெயிலில் காயவைத்து, மறுபடி தைத்தாள். கொத்தனார் நாலு பக்கமும் இரும்புக் குழாய் நட்டு, மெத்தைகள் சரியாதபடி கட்டிக்கொடுத்தார். நேரந்தின்னிக்குத் தினமும் இரண்டு முட்டை வைத்தாள். அப்போது தவழ்ந்துகொண்டிருந்த மகள் பள்ளிக்கூடம் போனாள், படித்து முடித்தாள், மருந்துக்கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். "அப்பா, போயிட்டு வர்றேன்" என்று மேலே பார்த்துச் சொல்லிவிட்டுத்தான் காலையில் கிளம்புவாள். பன்னிரண்டாவது வருடம் மெத்தைகள் முதல் மாடி ஜன்னலைத் தாண்டின. பதினெட்டாவது வருடம் அவனுக்கும் மேல் மெத்தைக்கும் இடையே ஒரு முழம்தான் பாக்கி. "இனி விழுந்தா தூக்கத்துல புரண்டு படுத்த மாதிரிதாம்மா இருக்கும்" என்று கொத்தனார் சொல்லிப் பார்த்தார். ஓரத் தையல் சரியில்லை என்று அவள் மேல் மெத்தையைக் கழற்றி எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

அவளுக்கு என்ன பயம் என்பது தெருவுக்கே தெரியும், யாரும் வாய் திறக்கவில்லை. அவன் முப்பதில் நின்றவன் முப்பதாகவே இருந்தான். கன்னத்தில் தெறித்த சுண்ணாம்பு கூடக் காயவில்லை. அவளுக்கு நாற்பத்தேழு. முன்தலை நரைத்து, ஊசி கோக்கக் கண்ணாடி தேவைப்பட்டது. மகள்தான் ஒரு நாள் பட்டென்று கேட்டாள்: "அப்பா செத்துடுவார்னு பயமா, உன்னைப் பாத்துடுவார்னு பயமா?" அவள் நூலைக் கடித்தாள்.

அந்த வியாழக்கிழமை மதியம், சரிசெய்த மெத்தையை மேலே விரித்துக்கொண்டிருந்தபோது நேரந்தின்னியின் கண்களில் வெள்ளை படர்ந்தது. தோல் உரிக்கப் போகும் பாம்புக்குப் படருமே, அப்படித்தான். இரண்டு கண்ணும் மங்கிய நொடியில் பெயிண்டர் ஒரு முழம் விழுந்து, "...ட்டேன்" என்று சொல்லி முடித்து, எழுந்து உட்கார்ந்தான். எதிரே வயதான ஒரு பெண் நிற்பதைப் பார்த்தான்.

"பாத்தும்மா, ஓரத்துல நிக்காதீங்க, விழுந்துடப் போறீங்க."

பத்தொன்பது வருடமாக அவள் பயந்தது இதற்குத்தான். அது வந்தே விட்டதால் இனி பயப்பட எதுவும் மிச்சமில்லை.

"நான்தாங்க" என்றாள்.

அவன் வெகுநேரம் பார்த்தான். பிறகு கீழே எட்டிப் பார்த்தான். "இத்தனையும் நீயா தச்ச?"

நீ என்றதும் அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. பத்தொன்பது வருடம் ஆகிவிட்டது என்றும், எப்போதோ இறக்கியிருக்கலாம் என்றும், தன் முகத்துக்குப் பயந்துதான் தள்ளிப்போட்டதாகவும், அவன் வருடங்களைத் தின்றது பல்லி இல்லை, தான்தான் என்றும் ஒளிக்காமல் சொன்னாள். அவன் யோசித்தான். தனக்கு ஒன்றும் போகவில்லை, போனதெல்லாம் அவளுக்குத்தான் என்று பட்டது.

"அது தோலை உரிச்சு முடிச்சதும் நீ போய் அதுக்கு எதிர்ல உக்காரு. பத்தொன்பது வருஷம் நான் மெத்தை தைக்கிறேன். உன் வயசுக்கு வந்துடறேன்."

அவன் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அவள் முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். "பத்தொன்பது வருஷம் உங்களைப் பாத்துட்டே இருந்தாச்சு. ஒரு வார்த்தை பேசல. மறுபடி என்னால முடியாது" என்றாள்.

சனிக்கிழமை நேரந்தின்னி பழைய தோலைச் சுவரிலேயே விட்டுவிட்டுப் பக்கத்துத் தெருவுக்குப் போனது. மெத்தைகளை ஒரு விடுதிக்காரர் மொத்தமாக எடுத்துக்கொண்டார். அடுத்த மாதம் சென்சஸ் எடுக்க வந்தவர் கணவன் முப்பது, மனைவி நாற்பத்தேழு, மகள் இருபது என்று எழுதிக்கொண்டு, வீட்டில் தண்ணீர்க் குழாய் இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது என்று கணவனும் மனைவியும் சேர்ந்தே சொன்னார்கள்.