ரோலரின் மறுமுனை

ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் முப்பத்தொரு வருடம் வேலை பார்த்த அவளை எல்லோரும் ரோலரக்கா என்றே கூப்பிட்டார்கள். பிழிந்த படுக்கை விரிப்புகளைச் சூடான உருளைக்குள் விட்டு மடிப்பு நீக்குவது அவள் வேலை. விரிப்பின் ஒரு முனையை அவள் பிடிப்பாள், மறுமுனையை நெட்டை. நெட்டை அவளைவிடச் சில நாள் சின்னவள், ஒரு சாண் உயரம் கூடுதல்.

இருவரும் ஒரே மாதம் ஓய்வு பெற்றார்கள். ஓய்வூதிய உத்தரவில் இருவருக்குமே முதல் ஒன்பது வருடங்களைக் காணவில்லை. அப்போதைய வருகைப் பதிவேடு கிடைக்கவில்லை என்றது அலுவலகம். ஒரே நாளில் போய் இருவரும் மேல்முறையீடு கொடுத்துவிட்டு வந்தார்கள்.

ஐந்து வருடம் ஓடியது. அதிகாரி மாற்றலாகிப் போனார். அடுத்தவர் வர எட்டு மாதம். கோப்பு மாடிக்குப் போயிருக்கிறது என்றார்கள். அது இறங்கி வரவேயில்லை. இரண்டு வருடம் கூடவே அலைந்த நெட்டை, மூட்டுவலி என்று நின்றுகொண்டாள்.

"நீ போய்ப் பாருக்கா. என் நம்பரைத் தனியா கேக்காத. ரெண்டையும் ஒண்ணாத்தான் கட்டி வெச்சிருக்காங்க."

கடைசியில் விசாரணைக்கு அழைப்பு வந்தது. அதிகாரி இளம்பெண். கோப்பைப் புரட்டியவள் ஒரு தாளில் நின்றாள்.

"உங்ககூட வேலை பார்த்தவங்களே எழுதிக் குடுத்திருக்காங்களேம்மா. அந்த ஒன்பது வருஷமும் ரோலர்ல நிரந்தரமா இருந்தது அவங்க மட்டும்தானாம். மத்தவங்க தேவைப்பட்டப்ப வந்துபோனவங்களாம்."

கீழே நெட்டையின் கையெழுத்து. மூன்று வருடத்துக்கு முந்தைய தேதி. அந்த மாதமே அவளுக்கு முழு ஓய்வூதியம் கிடைத்துவிட்டிருந்தது.

ரோலரக்கா அந்தக் கையெழுத்தைக் கிட்ட வைத்துப் பார்த்தாள். பிறகு சொன்னாள்: "மேடம், அது ஆளு நீளத்துக்கு மேல வர்ற விரிப்பு. ஒருத்தியே விட்டா கோணிக்கிட்டுப் போய்க் கை மாட்டிக்கும். அவ ஒரு முனையில நின்னா, இன்னொரு முனையில யாரு நின்னா? அதைக் கேளுங்க."

அதிகாரி அதை எழுதிக்கொண்டு, நெட்டையை விசாரிக்க நான்கு மாதம் தள்ளித் தேதி போட்டாள்.

ரோலரக்கா நேரே நெட்டையின் வீட்டுக்குப் போனாள். உள்ளறையில் நெட்டையின் கணவர் பக்கவாதத்தில் ஒரு பக்கம் விழுந்துபோய்க் கிடந்தார். நெட்டை எதையும் மறுக்கவில்லை.

"அந்த வருஷங்கள்ல ரோலருக்கு ஒரு நிரந்தர இடம்தான் இருந்துச்சாம், ஒருத்தருக்குத்தான் முடியும்னாங்கக்கா. இவரு அப்பத்தான் படுத்தாரு. எழுதிக் குடுன்னாங்க, குடுத்துட்டேன்."

"எங்கிட்ட சொல்லியிருந்தா நானே எழுதிக் குடுத்திருப்பேனேடி, இவளுக்கே குடுங்கன்னு. மூணு வருஷமா ஒவ்வொரு தடவையும் அலைஞ்சிட்டு வந்து உங்கிட்டதானே புலம்பினேன். நீயும் உச்சுக் கொட்டிக் கேட்டியே."

நெட்டை எழுந்து போய்க் கணவரின் போர்வையை இழுத்துவிட்டாள்.

"கூப்பிடும்போது வந்து உண்மையைச் சொல்லிடு."

"என்னுதைப் பிடுங்கிட்டா?"

ரோலரக்கா செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கினாள்.

விசாரணையன்று நெட்டை வந்தாள். மறுமுனையில் யார் நின்றது என்று அதிகாரி இரண்டு தடவை கேட்டாள்.

"யார் யாரோ வருவாங்க. ஞாபகம் இல்லை."

ரோலரக்கா அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். முப்பது வருடம் எதிரெதிரே நின்று பார்த்த முகம். ஒருமுறைகூட அது இந்தப் பக்கம் திரும்பவில்லை. வேறு சாட்சி இருந்தால் கொண்டுவரச் சொல்லி, அதிகாரி இன்னும் ஆறு மாதம் தள்ளிவைத்தாள்.

மாடிப்படித் திருப்பத்தில் நெட்டை காத்திருந்தாள்.

"திட்டவாவது செய்யுக்கா."

"வழி விடு," என்று சொல்லிவிட்டு ரோலரக்கா கைப்பிடியைப் பற்றி இறங்கிப் போனாள்.

வீட்டில் மகள் கேட்டாள்: "வந்தாங்களா?"

"வந்தா."

"சொன்னாங்களா?"

"ரோலருக்கு நீராவி விட்ட பாய்லர்காரர், நாங்க ரெண்டு பேரும் நின்னதைப் பார்த்தவரு, இப்ப மகன் வீட்டுல இருக்காராம். அது எந்தத் தெருன்னு விசாரி," என்றாள் ரோலரக்கா. மகளுக்கு முகம் காட்டாமல் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.