காட்சிக்கு வைக்கப்பட்ட கப்பல்

"எழுந்திரு அக்கா, பலகை உடைஞ்சிடப் போகுது, நான் சொல்றதைக் கொஞ்சம்..."

"உடையட்டும்! நீ எழுதியிருக்கிற பொய்யோட கனத்துக்கே அது எப்பவோ..."

"...கேட்டுட்டுப் பேசு!"

"...உடைஞ்சிருக்கணும். நான் உட்கார்ந்தா உடையப் போகுது?"

அக்கா எழுந்திருக்கிற வழியாயில்லை. கப்பல் கட்டும் யார்டின் பழைய வரைபட அறை அது. இப்போது ஊர் வரலாற்றுக் காட்சியகமாக்கி, இன்னும் கொஞ்ச நேரத்தில் திறக்கப்போகிறார்கள். சுவரில் மாட்ட வேண்டிய பலகை பெஞ்சின்மேல் கிடந்தது. அதன்மேல் அக்கா, பாயில் உட்கார்ந்த மாதிரி சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். எதிரே திருப்புளியோடு தம்பி. ஓய்வுபெற்ற சரித்திர வாத்தியார், வரலாற்றுக் குழுவின் செயலாளர். பலகையிலிருந்த வாசகம் அவன் எழுதியது.

"இன்னொரு தடவை படி."

"நீ மேல உட்கார்ந்துக்கிட்டா எப்படிப் படிக்கிறது?"

"நீ எழுதினதுதானே? மனப்பாடமா இருக்குமே."

தம்பி தொண்டையைச் செருமினான். வகுப்பை விட்டு வந்து எத்தனையோ காலமாகியும் அந்தச் செருமல் மட்டும் ஓய்வு பெறவில்லை.

"'நமது ஊரின் முதல் பெரிய கப்பல், ஊர் மக்கள் கண்டு களிக்கும் பொருட்டு, சில காலம் கரையிலேயே காட்சிக்கு வைக்கப்பட்டிருந்தது. மசகு பூசிய பணியாளரின் கவனக்குறைவால் ஏற்பட்ட சிறு தாமதத்துக்குப் பின், வெற்றிகரமாகக் கடலில் இறங்கியது.'"

"காட்சிக்கு வெச்சிருந்தாங்கன்னா கவனக்குறைவு எங்கேருந்து வந்துச்சு? கவனக்குறைவுன்னா காட்சி எங்கேருந்து வந்துச்சு? ரெண்டு பொய் சொல்லணும்னா ரெண்டு பலகையா மாட்டுடா."

அந்தப் பணியாளர் அவள் கணவர்.

நடந்தது என்னவென்று ஊருக்கே தெரியும். கட்டி முடித்த கப்பல் சரிவில் நிற்கும். அடியில் கடல்வரைக்கும் ரெண்டு மரத்தண்டவாளம். அதில் வழுக்குவதற்கு மசகுக் கொழுப்பைக் கெட்டியாகப் பூசிவிட்டு, கப்பலைத் தடுத்து நிறுத்தியிருக்கும் ஆப்பைத் தட்டி எடுத்தால், கப்பல் தன் கனத்திலேயே வழுக்கிக்கொண்டு தண்ணீரில் போய் இறங்கும். அன்றைக்கும் விடிகிற குளிர்ச்சியில் அவர் வழித்து வழித்துப் பூசினார். கை வைத்தால் கை நிற்காது. அப்புறம் யார்டின் பெரிய முதலாளி மேடை ஏறினார்.

ஏறினவர் இறங்கவில்லை. இரும்புக்கு நன்றி சொன்னார், மரத்துக்கு நன்றி சொன்னார், கடலுக்குத் தனியாக, காற்றுக்குத் தனியாக. தன் தாத்தா முதன்முதலில் நீச்சல் கற்றுக்கொண்டதிலிருந்து ஆரம்பித்து அவர் கரையேறுவதற்குள் வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. மசகு உருகி, சொட்டுச் சொட்டாக மணலில் இறங்கியது. ஆப்பை எடுத்தார்கள். கப்பல் ஆடிக்கொண்டு பாதி தூரம் போனது. குளிக்கக் கூப்பிட்ட பிள்ளைமாதிரி, வால் மட்டும் தண்ணீரில் நனைய, மூக்கைக் கரையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டது.

அடுத்த பௌர்ணமிக்குக் கடல் பொங்கி ஏறும்வரை அங்கேயேதான் நின்றது. ஊர் அதன் நிழலில் துணி காயப்போட்டது. தையல்காரர் மெஷினையே அங்கே கொண்டுவந்து போட்டுவிட்டார். பாதி ஊருக்குச் சம்பந்தம் பேசி முடித்ததும் அந்த நிழலில்தான். இன்றைக்கு வரலாற்றுக் குழுவில் இருக்கிற பாதிப்பேர் அதனால் பிறந்தவர்கள்.

ஆனால் மேடையை விட்டு இறங்கிய பெரிய முதலாளி கேட்டது ஒரே கேள்வி. "மசகு போட்டது யாரு?" பேசினது யார் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. சாயங்காலத்துக்குள் அவள் கணவரை ஆணிக் கிடங்குக்கு மாற்றிவிட்டார்கள். ஓய்வு பெறும்வரை ஆணிதான். அன்றிலிருந்து வீட்டில் கதவுக் கீல் எப்படிக் கிறீச்சிட்டாலும் ஒரு சொட்டு எண்ணெய் விடமாட்டார். ஊர் அவருக்கு 'மசகு' என்று பேர் வைத்தது; அவள் 'மசகு வீட்டம்மா' ஆனாள். அவர் போய்ச் சேர்ந்தும் பேர் போகவில்லை. இப்போது அதைத் திருகாணி போட்டுச் சுவரிலேயே முடுக்கப் போகிறார்கள்.

"அந்த ஒரு வரியை மட்டும் எடுத்துடு. எழுந்திருச்சிடுறேன்," என்றாள்.

"என் கையில இல்லக்கா. சின்ன முதலாளி பார்த்து சரின்னு சொன்ன வாசகம். கட்டடமே அவர் குடுத்தது. தாத்தா பேசிப் பேசியே கப்பலை நிறுத்தினார்னு பேரன் செலவுல எழுத முடியுமா?"

"எழுதச் சொல்லலையே. சும்மா இருன்னுதானே சொல்றேன்."

"வேணும்னா 'கவனக்குறைவு'ங்கிறதை 'சிறு அயர்வு'ன்னு மாத்தட்டுமா?"

"அயர்வு யாருக்குடா? அந்தப் பேச்சைக் கேட்ட ஊருக்குத்தான் அயர்வு. உங்க அத்தான் கொட்டக் கொட்ட முழிச்சுக்கிட்டு நின்னாரு."

தம்பி குரலை இறக்கினான். "விழா முடியட்டும். அவர்கிட்ட நானே பேசுறேன்."

"நீ பேசுவே. அத்தானை ஆணிக் கிடங்குல தள்ளின அன்னிக்கும் இதேதான் சொன்னே. முடியட்டும், நானே பேசுறேன்னு. இன்னும் முடியலையா உனக்கு?"

அவன் முகம் சுண்டிப்போனது. வாசலில் கார்க் கதவு சாத்துகிற சத்தமும், மாலையோடு காத்திருந்தவரின் அதட்டலும் கேட்டன. விருந்தாளிகளுக்கு முன்னால் தம்பியைத் தலைகுனிய வைக்க அவளுக்கு மனசு வரவில்லை. முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். அவள் நிமிர்வதற்குள் பலகை சுவரில் ஏறிவிட்டது. வாத்தியாருக்கு இவ்வளவு சுறுசுறுப்பு உண்டென்று அவன் பள்ளிக்கூடத்தில் ஒருத்தருக்கும் தெரியாது.

செயலாளரின் அக்கா என்பதால் முன்வரிசையில் நாற்காலி கிடைத்தது. பலகை ஏறிய அதே கூடத்தின் நடுவில் கண்ணாடித் தொட்டி, அதற்குள் நீலத் தண்ணீர். தொட்டிக்கு இறங்கும் சின்ன மரச்சரிவு, சரிவின் உச்சியில் முழங்கை நீளத்துக்கு இரும்பில் வார்த்த அதே கப்பல். ரிப்பன் வெட்டி ஆப்பை எடுத்தால் கப்பல் வழுக்கித் தண்ணீரில் இறங்க வேண்டும்.

"மசகு நானே என் கையால போட்டேன்," என்று தம்பி ஒவ்வொரு வரிசையாகப் போய்ச் சொல்லிக்கொண்டிருந்தான். "வெண்ணெய் மாதிரி போகும், பாருங்க."

சின்ன முதலாளி மைக்கைப் பிடித்தார். வீடியோக்காரர் ரெண்டு பெரிய விளக்கைச் சரிவுக்கு நேராகத் திருப்பி வைத்தார். தகரக்கூரையின் வெக்கை வேறு.

பேரன் தாத்தாவைத் தோற்கடித்தார். தாத்தா தன் தாத்தாவிலிருந்து ஆரம்பித்தார். இவர் அந்தத் தாத்தாவுக்கும் தாத்தாவிலிருந்து. நகராட்சித் தலைவர் கண்ணைத் திறந்துகொண்டே தூங்கினார். கொஞ்சம் கலகலப்பாகட்டும் என்று சின்ன முதலாளி பலகைப் பக்கம் திரும்பி, "பாருங்க, மசகுக்காரர் ஒருத்தர் அசந்தா ஊரோட சரித்திரமே நின்னு போயிடுது!" என்றார். கூடம் கொல்லென்று சிரித்தது. பின்வரிசையில் யாரோ, "மசகு வீட்டம்மா முன்னாடிதான் உட்கார்ந்திருக்காங்க," என்று கிசுகிசுத்ததும் அவள் காதில் விழுந்தது. அவள் சிரிக்கவில்லை, திரும்பவுமில்லை. சரிவின் ஓரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சரிவின் ஓரத்திலிருந்து ஏதோ ஒரு சொட்டு விழுந்தது. பிறகு இன்னொன்று. தரையில் மஞ்சளாக ஒரு வட்டம் அகலமாகிக்கொண்டே போனது. பேச்சு இன்னும் அவர் அப்பாவிடம்கூட வந்து சேரவில்லை.

ஒருவழியாக ரிப்பன் வெட்டினார்கள். கைதட்டல். ஆப்பை எடுத்தார்கள். கப்பல் ஆடிக்கொண்டு பாதி தூரம் போனது. வால் தண்ணீரைத் தொட்டது. நின்றுவிட்டது.

கைதட்டலும் பாதியில் நின்றது. வீடியோக்காரர் மட்டும் விடாமல் எடுத்துக்கொண்டிருந்தார். தம்பி விரலால் கப்பலை ஒரு தள்ளு தள்ளினான். அசையவில்லை. இன்னொரு தள்ளு. தொட்டித் தண்ணீர்தான் தளும்பியது.

சின்ன முதலாளி மைக்கை அணைக்க மறந்து கேட்டார்: "யாருய்யா இதுக்கு மசகு போட்டது?"

கூடம் முழுக்கத் தம்பியைத் திரும்பிப் பார்த்தது. வரிசை வரிசையாகச் சொல்லி வைத்திருந்தானே. அவன் விளக்கைப் பார்த்தான், தரையில் இருந்த மஞ்சள் வட்டத்தைப் பார்த்தான், சின்ன முதலாளியைப் பார்த்தான். தொண்டையைச் செருமினான்.

அக்கா நாற்காலியிலிருந்து எழுந்து, நிதானமாக நடந்துபோய், பலகைக்குக் கீழே நின்றாள்.

"சொல்லுடா தம்பி. பேச்சு நீண்டு போச்சா, இல்ல உனக்குக் கவனக்குறைவா?"