அளவு நோட்டில் நாற்பது நிமிடம்

பதினோராவது கேமராவின் படத்திலிருந்து லிஃப்ட் மெக்கானிக் காணாமல் போனது ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தேகாலுக்கு. ஆள் அப்போது கண்காணிப்பு அலுவலகத்து பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தார். படத்திலிருந்து மட்டும் போய்விட்டார்.

நான்கு நாள் முன்பு, மூடிக் கிடந்த வங்கியின் எதிரே அவர் நாற்பது நிமிடம் ஆடாமல் அசையாமல் நின்றதைக் கேமரா பிடித்துவைத்திருந்தது. நல்ல எண்ணமுள்ள எவனும் அவ்வளவு நேரம் நிற்கமாட்டான் என்று அலுவலகம் முடிவுகட்டி மறுநாள் அவரைப் பிடித்துப் போட்டது. நடந்தது இவ்வளவுதான். அவர் மனைவியான தையல்காரி, பொத்தான் வாங்கி வருகிறேன், இங்கேயே நில்லுங்கள் என்று சொல்லிவிட்டுப் போனாள். கடைக்காரியோடு பேசிய சுவாரசியத்தில் அவரை மறந்து, பின்வாசல் வழியாக வீட்டுக்கே போய்விட்டாள். நில் என்றால் நிற்கிற மனிதர் அவர். இதை அவள் சொன்னபோது யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. படத்தில் நீ இல்லையே என்றார்கள்.

தன்னால் ஒரு அப்பாவி உள்ளே கிடக்கிறாரே என்று அவளுக்கு அழுகை வந்தது. வீட்டில் எழுத அளவு நோட்டைத் தவிர வேறு காகிதம் இல்லை. டீச்சரம்மாவின் மார்பு முப்பத்தாறு, இடுப்பு முப்பதுக்குக் கீழே எல்லாவற்றையும் ஒளிக்காமல் எழுதினாள்: எட்டு பொத்தான், நல்ல வெயில், தன் மறதி, அன்று நாற்பது நிமிடம் கழித்துத் தானாகவே வீடு வந்தும் அவர் ஒரு வார்த்தை கடிந்துகொள்ளாதது. எழுதி முடித்த நிமிடத்தில் அலுவலகத் திரையில் வங்கி மட்டும் இருந்தது. ஆளில்லாத படத்தை வைத்து யார்மேல் வழக்குப் போடுவது? மத்தியானமே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

சேதி பரவியதும் ஊரே பேனாவை எடுத்தது. ரொட்டிக் கடைக்காரர் பில்லின் பின்பக்கம் எழுதினார், நர்ஸ் மாத்திரை அட்டையில் எழுதினாள். உள்ளதை எழுதியவர்கள் படத்திலிருந்து போனார்கள். புளுகி எழுதியவர்கள் இரண்டு இரண்டாகத் தெரிந்தார்கள், அதனால் புளுகுவதைச் சீக்கிரமே விட்டார்கள். அலுவலகம் நோட்டுகளைப் பறித்தது. ஜனங்கள் சுவரில் எழுதினார்கள். ஆறே வருடத்தில் அறுநூறு திரைகளிலும் புறாக்களும், காய்கிற துணிகளும், தங்களைப் பற்றி ஒரு வரிகூட எழுதாத அதிகாரிகளும்தான் மிச்சம்.

தன்னையே பார்த்துப் பார்த்துச் சலித்த தலைமை அதிகாரி, ஒருநாள் கால்சட்டை தைக்க வந்தார். அளவு கொடுத்துவிட்டுத் தயங்கினார்.

"வெளிய ஒருத்தர் ரொம்ப நேரமா நிக்கிறாரே, ஏம்மா?"

தையல்காரி நாக்கைக் கடித்துக்கொண்டாள். நூல் வாங்கக் கூட்டிப்போவதாகச் சொல்லிக் கணவரை நிறுத்திவைத்து ஒரு மணி நேரமாகியிருந்தது.

"என் மறதிதான் சார். இத அன்னிக்கே கேட்டிருக்கலாம்ல?"

அதிகாரி தலையாட்டினார். அவள் அவருடைய இடுப்பளவுக்குக் கீழே அவர் வந்து கேட்டதையும் எழுதிவைத்துவிட்டு, கணவரைக் கூப்பிடப் போனாள்.