கூறாத்தா முன்னால் ஒரு நாற்காலி

போன மாசி மாதம் என்னைக் கூறு போட்டார்கள். கத்தியில்லாமல்தான்.

வைத்திக்குப்பத்துக் கடற்கரையில், படகுகளுக்குப் பின்னால், பூவரச மரத்தடியில் கூறாத்தா இருக்கிறாள். என் முப்பாட்டனும் அவர் மச்சானும் வலை இழுத்தபோது மீனோடு வந்த கல் அது. பொம்பளை முகம். எனக்கு, எனக்கு என்று இரண்டு பேரும் மல்லுக்கட்டி, கடைசியில் மூக்கோடு பிளந்து ஆளுக்குப் பாதியாக எடுத்துப் போனார்கள். விடிந்து பார்த்தால் அந்தப் பாதிக்கு மீதி முளைத்திருக்கிறது. இந்தப் பாதிக்கும் முளைத்திருக்கிறது. பயந்துபோய் இரண்டையும் மரத்தடியில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்கள். வைத்ததும் ஒட்டிக்கொண்டு ஒரே ஆத்தாவாகிவிட்டாள். மூக்கில் கோடு இன்றைக்கும் இருக்கிறது. இதை நான் பார்க்கவில்லை. பார்த்தவர் பொய் சொல்லக்கூடியவர் இல்லை, அவருக்குப் பிறவியிலிருந்தே பேச்சு வராது.

அன்றிலிருந்து எங்கள் பக்கம் எதைப் பிரித்தாலும் அவள் முன்னால்தான். கூறு போட்டவர் எடுக்கக்கூடாது, மற்றவர்தான் எடுக்கவேண்டும். எடுத்த பிறகு இரண்டு பேரும் முனகக்கூடாது. அப்புறம், அவரவர் கூறிலிருந்து ஒரு பொருளைத் தூக்கி எதிராளி கையில் கொடுக்கவேண்டும். இந்தக் கடைசிச் சட்டத்தை மறந்தால் மீன் பொழுது சாய்வதற்குள் நாறிவிடும். எல்லை போட வந்த பிரெஞ்சு துரை ஒருவர் கோடும் தானே போட்டு, துண்டையும் தானே எடுத்தாராம். அதனால்தான் புதுச்சேரி அங்கே ஒரு ஒட்டு, இங்கே ஒரு ஒட்டு என்று கிடக்கிறது. பஸ்ஸில் ஒரு தும்மல் போட்டு நிமிர்வதற்குள் தமிழ்நாடு வந்து போய்விடுகிறது.

என் விஷயத்துக்கு வருகிறேன். என் மனைவி ராஜாம்பாள் போன பிறகு நான் தனியாகத்தான் இருந்தேன். வீட்டுக் கூரை சோற்றில் உதிர ஆரம்பித்தது. பார்க்க வந்த இஞ்சினீயர், இனி யாரும் இதில் இருக்கக்கூடாது என்று சொல்லிவிட்டார். மூத்த மகள் அஞ்சலாட்சி பக்கத்துத் தெருவில் இருக்கிறாள், பெரிய மார்க்கெட்டில் மீன் விற்கிறாள். இளையவள் பூர்ணிமா அரியாங்குப்பத்தில் ஜாக்கெட் தைக்கிறாள்.

"நைனா எங்கூடத்தான் இருக்கும்" என்றாள் பெரியவள்.

"இத்தினி நாளு உன் பக்கத்துலதான இருந்திச்சி. இனிமே எங்கூட" என்றாள் சின்னவள்.

அதோடு இருவருக்கும் பேச்சு நின்றுபோனது. ஒருத்தி வந்தால் மற்றவள் எழுந்துபோவாள். என்னால் இவ்வளவு சண்டை நடக்கும் என்று நான் நினைத்ததே இல்லை. கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. ஆனால் ராஜாம்பாளின் திவசத்துக்கு இரண்டு பேரும் தனித்தனியாகப் படையல் போட்டார்கள். காக்காய் இரண்டு இலையையும் பார்த்துவிட்டு எதையும் தொடாமல் போய்விட்டது. அன்றைக்கு எனக்கும் சோறு இறங்கவில்லை. கூறாத்தா பார்த்துக்கொள்ளட்டும் என்று சொல்லிவிட்டேன்.

கூறு போட்டவள் அஞ்சலாட்சி. ஒரு பக்கம் ராஜாம்பாளின் தையல் மெஷின், அவள் பச்சைப் புடவை, போட்டோ, மீன் சட்டி, அண்டா, கட்டில், மிக்சி. இன்னொரு பக்கம் சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலி. அதில் நான்.

ஆத்தாவுக்குப் பூசை செய்கிற கோவிந்தராசு தலையைச் சொறிந்தான். "ஆள கூறுல வெக்கலாமா அக்கா?"

"ஆத்தாளையே பொளந்து எடுத்துக்கினு போனாங்க. நைனாவ முழுசாத்தான வெச்சிருக்கேன்."

"மிக்சியாவது இந்தப் பக்கம் வெச்சிருக்கலாமே" என்றேன்.

"சும்மா இரு நைனா. கூறு பேசக்கூடாது."

அவள் கணக்கு எனக்குப் புரிந்தது. பூர்ணிமா அந்த மெஷினில்தான் தையல் கற்றுக்கொண்டாள், அம்மா மடியில் உட்கார்ந்து. அம்மாவை மொத்தமாக அந்தப் பக்கம் குவித்துவிட்டால் சின்னவள் அங்கே போய்விடுவாள், நான் பெரியவளுக்கு மிஞ்சுவேன்.

பூர்ணிமா மெஷின் சக்கரத்தை ஒரு சுற்று சுற்றிப் பார்த்தாள். புடவையை எடுத்து முகத்தில் வைத்துக்கொண்டு நின்றாள். ரொம்ப நேரம் நின்றாள். நானாக இருந்தால் மெஷினைத்தான் எடுப்பேன். அது இருமாது, சொன்னதையே சொல்லாது. பிறகு புடவையை மடித்து வைத்துவிட்டு என்னிடம் வந்தாள்.

"நீ என்னா சொல்ற நைனா?"

"கூறு பேசக்கூடாதாம்."

சிரித்துவிட்டாள். சிரித்துக்கொண்டே நாற்காலிக் கையில் கையை வைத்தாள். "இந்தக் கூறு."

அஞ்சலாட்சி முனகவில்லை. கடல் பக்கம் திரும்பி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். "உப்புக்காத்து" என்றாள். அந்த நேரத்தில் கூறாத்தாவின் மூக்குக் கோட்டில் ஒரு சொட்டுத் தண்ணீர் இறங்கியது. தேங்காய்த் தண்ணி தெறித்திருக்கும் என்றான் கோவிந்தராசு. தேங்காய் அவன் கையில் முழுசாக இருந்தது.

"மாத்திக்குங்க" என்றான்.

அஞ்சலாட்சி மெஷின்மேல் கையை வைத்தாள், எடுத்தாள். குனிந்து மீன் சட்டியைத் தூக்கினாள். "அம்மா சட்டி. இதுல கொதிச்சாத்தான் நைனா ரெண்டாவது வாட்டி சோறு கேக்கும். மீன வெளியில வாங்காத, நான் எடுத்தாறேன்." மெஷினைக் காட்டி, "மெஷினு எங்கிட்டயே இருக்கட்டும். உனக்கு வேணும்னா வந்து தெச்சிட்டுப் போ" என்றாள். மாசக்கணக்கில் தங்கச்சியிடம் அவள் பேசிய முதல் பேச்சு.

இப்போது பூர்ணிமா கொடுக்கவேண்டும். அவள் கூறில் இருந்தது நாற்காலியும் நானும். எல்லோரும் என்னையே பார்த்தார்கள். நான் நாற்காலியை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

"எழுந்திரு நைனா."

"நான் போறதா, நாற்காலி போறதா?"

"எழுந்திருன்னா எழுந்திரேன்."

எழுந்தேன். நாற்காலியைத் தூக்கி அக்காவிடம் கொடுத்தாள். "இதுல உக்காந்தாத்தான் நைனாவுக்கு முதுகு வலிக்காது. உன் வாசல்ல போட்டு வெய்யி. தெனமும் வந்துரும்."

அஞ்சலாட்சி நாற்காலியை இடுப்பில் குழந்தை மாதிரி இடுக்கிக்கொண்டாள். பூர்ணிமா சட்டியை இடுக்கிக்கொண்டாள். இரண்டு பேரும் பேசிக்கொண்டே எனக்கு முன்னால் நடந்துபோனார்கள். கூறில் நான் இருந்ததே மறந்துவிட்டது போல.

இப்போது அரியாங்குப்பத்தில் தூங்குகிறேன், காலையில் பஸ் ஏறி வைத்திக்குப்பத்தில் வந்து உட்காருகிறேன். மத்தியானம் மார்க்கெட்டிலிருந்து வந்ததும் மீனையும் என்னையும் அஞ்சலாட்சி ஒரே ஆட்டோவில் ஏற்றி அனுப்புகிறாள். சில நாள் அவளும் ஏறிக்கொள்கிறாள். முந்தாநாள் பார்த்தால் நாற்காலியில் ஒரு திண்டு, பச்சைப் புடவைத் துணியில். பூர்ணிமா வந்து தைத்துவிட்டுப் போயிருக்கிறாள்.

எனக்கு எந்த நாற்காலியிலும் முதுகு வலித்ததில்லை. இப்போ எப்பிடி இருக்கு நைனா என்று இரண்டு பேரும் கேட்கிறார்கள். இன்னும் கொஞ்சம் இருக்கிறது என்றுதான் சொல்லிவைத்திருக்கிறேன்.