வெஹ்மாஸ் எடுத்த அழுகைக் காட்சி

ஒன்னி வெஹ்மாஸ் ஹெல்சிங்கியில் எங்கள் ஸ்டூடியோவுக்கு வந்தபோது பண்ணையாள் வேடத்தில் சிரிப்புக் காட்டுகிற நடிகர். பிறகு கதை எழுதினார், ஐந்தே வருடத்தில் இயக்குநரும் ஆனார். தான் எடுக்கும் படத்திலெல்லாம் தனக்கொரு வேடம் வைத்துக்கொள்வார். எந்தக் காட்சியில் யார் எங்கே நின்றார், எந்தப் பொத்தான் திறந்திருந்தது என்று குறித்துவைப்பது என் வேலை.

1943 இலையுதிர்காலம். போர் முடிகிற வழியாக இல்லை. போர்முனையில் யாராவது இறந்தால், அந்தக் கடிதத்தை வீட்டுக்குக் கொண்டுவருவது பாதிரியார்தான். பாதிரியார் தெருவில் நடந்தாலே பெண்கள் ஜன்னலுக்கு வந்து, அவர் எந்த வாசலில் திரும்புகிறார் என்று பார்ப்பார்கள். அந்தச் செவ்வாய்க்கிழமை அவர் எங்கள் ஸ்டூடியோ வாசலில் திரும்பினார். கதாநாயகி சாய்மி எங்கே என்று கேட்டார்.

"எங்கிட்ட குடுங்க, ஃபாதர். அவ எனக்குப் பொண்ணு மாதிரி. நானே பக்குவமா சொல்லிடுறேன்" என்று வெஹ்மாஸ் கடிதத்தை வாங்கிக்கொண்டார்.

பாதிரியார் போனதும் வெஹ்மாஸ் அதைப் பிரித்துப் படித்தார். நானும் படித்தேன். சாய்மிக்கு இருந்த ஒரே உறவான தம்பி ரெய்னோ போர்முனையில் இறந்துவிட்டான். உடல் ஊருக்கு வந்துவிட்டது. வியாழக்கிழமை அடக்கம்.

"இன்னிக்கு ரயில் ஏறினாத்தான் போய்ச் சேர முடியும், டைரக்டர்" என்றேன்.

"உன் நோட்டுல இதையெல்லாம் எழுதணும்னு இல்ல, ஐலி."

படத்தில், கணவன் போரில் இறந்த செய்தியைப் பண்ணைப் பெண்ணாக வரும் சாய்மி கடிதத்தில் படிக்கும் காட்சி பாக்கியிருந்தது. ஏற்கெனவே இரண்டு முறை எடுத்தும் வெஹ்மாஸுக்குத் திருப்தி இல்லை. "வெங்காயம் உரிச்ச அழுகை" என்று எல்லார் முன்னாலும் சொன்னார். வெள்ளிக்கிழமை மறுபடி எடுத்தோம். மேஜைமேல் இருந்த பொய்க் கடிதத்தை எடுத்துவிட்டு, உண்மையானதை அவரே வைத்தார். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

கேமரா ஓடியது. சாய்மி உறையிலிருந்து கடிதத்தை எடுத்தாள், படித்தாள். அழவில்லை. கடிதத்தின் மடிப்பை உள்ளங்கையால் இரண்டு மூன்று முறை நீவிவிட்டாள். பிறகு எழுந்து கேமராவுக்கு முதுகைக் காட்டி நின்றாள்.

"கட்" என்றார் வெஹ்மாஸ். "என்னம்மா, முகமே தெரியலையே."

"இது எப்ப வந்துச்சு?"

"செவ்வாய்க்கிழமை."

"நேத்து அடக்கம் பண்ணிட்டாங்களா?"

"பண்ணியிருப்பாங்க. ஃபிலிம் இன்னும் ஒரு தடவைக்குத்தான் இருக்கு. உக்காரும்மா" என்றார்.

விளக்குக்காரர் தலையைக் குனிந்துகொண்டார்.

"அந்தப் பழைய கடுதாசியையே வைங்க" என்றாள் சாய்மி. நான்தான் மாற்றி வைத்தேன். அவள் உட்கார்ந்து, அவர் கேட்டபடியே அழுதாள். வலது கன்னத்தில் வெளிச்சம் விழும்படி முகத்தைத் திருப்பியும் அழுதாள்.

அந்த அழுகையைப் பார்க்க ஊர் ஊராகக் கூட்டம் வந்தது. மகனைப் பறிகொடுத்தவர்கள் இரண்டாவது முறையும் டிக்கெட் எடுத்தார்கள். இயக்கத்துக்கான பரிசு வெஹ்மாஸுக்குக் கிடைத்தது. சாய்மி அந்தக் குளிர்காலமே ஊருக்குப் போய்விட்டாள். பால் பண்ணையில் கேன் கழுவுவதாகக் கேள்விப்பட்டேன். நான் அவரிடமே இருந்தேன். அவருக்கு இன்னும் இருபத்தாறு படங்கள் வந்தன.

எழுபது வயதில் தன் வாழ்க்கையை எழுதினார். துக்கச் செய்தி வந்த அன்றே கடிதத்தைக் கொடுத்துவிட்டதாகவும், "நடிச்சிட்டுத்தான் போவேன்" என்று சாய்மி பிடிவாதம் பிடித்ததாகவும் அதில் இருந்தது. தட்டச்சு செய்தது நான். ஓர் எழுத்தைக்கூட மாற்றவில்லை.

புத்தகம் வந்த மூன்றாம் மாதம் சாய்மியிடமிருந்து எனக்கு ஓர் அஞ்சலட்டை வந்தது. "தம்பி பெயர் ரெய்னோ. ராய்மோ என்று போட்டிருக்கிறது" என்று மட்டும் எழுதியிருந்தாள்.

வெஹ்மாஸிடம் காட்டினேன். கண்ணாடியை ஏற்றிவிட்டுப் படித்தார்.

"ரெண்டு எழுத்துதானே. யாருக்குத் தெரியப்போகுது?" என்று திருப்பிக் கொடுத்துவிட்டு, காபி கேட்டார். போய்ப் போட்டுக்கொண்டு வந்தேன்.