ஒரு சஹன் ஓட்ஸ்

சொந்த வீட்டு அடுப்படியில் மிளகு எந்த டப்பாவில் இருக்கிறது என்று தெரியாமல் மக்தூம் முழித்துக்கொண்டு நின்றார். ஒரு டப்பாவைத் திறந்தால் வெந்தயம். அடுத்ததைத் திறந்தால் கடுகு. இன்னொன்றில் மகள் யுஸ்ராவின் தலைக்கிளிப்புகள் கிடந்தன. அடுப்படியில் கிளிப்புக்கு என்ன ஜோலி என்று கேட்கலாம்தான். கேட்டால் மனைவி ஜமீலா கொல்லைப்புறத்திலிருந்து ஓடி வருவாள். "என்ன வேணும்னு ஒரு சத்தம் குடுத்தா நான் எடுத்துத் தர மாட்டேனா? நீங்க ஏன் இங்கன வந்து வெந்துக்கிட்டு நிக்கிறீங்க?" என்பாள். அன்பாகத்தான் சொல்வாள். அந்த அன்புதான் இப்போது மக்தூமுக்குப் பெரிய கஷ்டமாக இருந்தது.

காயல்பட்டினத்தில் கல்யாணம் ஆனால் பெண் எங்கேயும் போவதில்லை. மாப்பிள்ளைதான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பெண் வீட்டுக்கு வருவான். மக்தூமும் அப்படி வந்தவர்தான். வந்த வேகத்தில் வேலைக்காகச் சவூதியிலுள்ள தம்மாமுக்குப் போய்விட்டார். முப்பது வருஷத்துக்குக் கிட்ட அங்கே கழிந்தது. இடையிடையே லீவில் வந்தார். வந்தால் வீடே அவரைச் சுற்றும். மீனில் நடுத்துண்டம் அவருக்கு. முதல் ஆப்பம் அவருக்கு. அவர் தூங்கினால் பிள்ளைகள் நுனிக்காலில் நடப்பார்கள். லீவு முடிந்து போகும்போது அழுவார்கள். இப்போது ஒரேயடியாக முடித்துக்கொண்டு வந்து ஹஜ்ஜுப் பெருநாளும் கழிந்துவிட்டது. இன்னும் நடுத்துண்டம் வந்துகொண்டுதான் இருக்கிறது. சும்மா சொல்லக்கூடாது, முதல் சில வாரம் நன்றாகத்தான் இருந்தது. அப்புறம்தான் ஒரு நாள் குடிக்கத் தண்ணீர் மோந்து கொடுத்துவிட்டு ஜமீலா டம்ளரைத் திரும்ப வாங்குவதற்காகக் கையைக் கட்டி நின்றாள். ஊருக்குத் திரும்பி வந்தாயிற்று, வீட்டுக்கு இன்னும் வந்து சேரவில்லை என்று மனுசனுக்குத் தோன்றிவிட்டது.

அந்த நேரம் பார்த்துத்தான் சம்மந்தி வீட்டிலிருந்து போன் வந்தது. யுஸ்ராவுக்குப் பேசி முடித்திருந்த மாப்பிள்ளை துபாயில் இருந்தான். அவனுடைய வாப்பா தமீம் ஹாஜியாரும் உம்மாவும் ஞாயிற்றுக்கிழமை காலை பசியார வந்து, நிக்காஹுக்கு நாள் குறித்துவிட்டுப் போவதாகப் பேச்சு. பசியார என்றால் இந்த ஊரில் காலைச் சாப்பாடு. சம்மந்திக்குப் பசியார கொடுப்பது என்றால் லேசுப்பட்ட காரியமா? இடியாப்பம், கறி, வட்டலப்பம் என்று ஜமீலா மனசுக்குள் ஏற்கெனவே அடுப்பு மூட்டியிருந்தாள். போனில் சம்மந்தியம்மா தயங்கித் தயங்கிச் சொன்னது வேறு.

"அவுஹளுக்கு நெஞ்சுல ஆப்பரேஷன் ஆனதுல இருந்து எண்ணெ, தேங்கா, உப்பு ஒண்ணும் ஆகாது. காலைல ஓட்ஸு மட்டுந்தான். நீங்க ஒண்ணும் சிரமப்படாதீங்கம்மா. நான் வூட்டுல இருந்தே டிபன் பாக்ஸுல கொண்டாந்துருதேன். அவுஹ ஒரு ஓரமா இருந்து சாப்புட்டுக்கிடுவாஹ."

ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் மக்தூமும் கேட்டார். ஓரமா என்ற சொல்லில் அவர் மனசு போய் மாட்டிக்கொண்டது. ஏனென்றால் இந்த ஊரில் விருந்தென்றால் யாரும் தனித்தட்டில் சாப்பிடுவதில்லை. சஹன் என்று அகலமான ஒரு தாலம். அதைச் சுற்றி இரண்டு பேர், மூன்று பேர் உட்கார்ந்து ஒரே சோற்றில் கை வைப்பார்கள். நல்ல கறித்துண்டு கண்ணில் பட்டால் எடுத்து வாயில் போடாமல் அடுத்தவர் பக்கம் நைசாக ஒதுக்கிவிடுவார்கள். அவர் திருப்பி ஒதுக்குவார். அப்படிப்பட்ட ஊரில் ஓரமாய் உட்கார்ந்து ஸ்பூனால் சாப்பிடுகிறவனுக்கு எப்படி இருக்கும் என்பது மக்தூமுக்குத் தெரியும். தம்மாமில் அறைக்கூட்டாளிகள் ஒவ்வொருத்தராக ஊருக்குத் திரும்பிய பிறகு கடைசி வருஷங்களில் அவருடைய காலைச் சாப்பாடும் ஓட்ஸ்தான். ஒரு டம்ளரில் வெந்நீரை ஊற்றிக் கலக்கி, பாத்திரம் கழுவும் தொட்டி பக்கத்தில் நின்றபடியே குடித்துவிட்டு, டம்ளரைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு டூட்டிக்கு ஓடுவார். உட்கார்ந்து சாப்பிட என்ன அவசியம்? எதிரே யாரும் இல்லையே.

"சம்மந்திக்கு ஓட்ஸு நான் காச்சுதேன்" என்றார்.

ஜமீலா போனை வைத்துவிட்டு அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "நாள் குறிக்க வாரவுஹளுக்கு நம்ம வூட்டு அடுப்புல ஓட்ஸா? காச்சல்காரனுக்குக் கஞ்சி வச்ச மாதிரி? முடுக்கு முடுக்கா நின்னு பேசுவாளுஹ. இதுல ஆம்பள காச்சுனாஹன்னு வேற தெரிஞ்சா கேக்கவே வேணாம்."

"இடியாப்பம், கறி எல்லாம் நீ செய்யி. நான் குறுக்க வரல. அவருக்கு உள்ளத நான் செய்யுதேன். சஹன்ல வச்சுக் கையால சாப்புடுற மாதிரி, கெட்டியா, கோழிக்கறி போட்டு, சுடச்சுட."

"உங்களுக்கு எதுக்கு இந்த வம்பு?"

மக்தூம் அவள் பக்கம் திரும்பினார். பிறகு சொன்னார்: "ஜமீலா, இந்த வூட்டுல எனக்கு ஒரு வேலையாச்சும் தா புள்ள. வந்ததுல இருந்து லீவுலயே இருக்கிற மாதிரி இருக்கு."

ஜமீலா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "மொதல்ல செஞ்சு காட்டுங்க. வாயில வைக்கிற மாதிரி இருந்தாப் பாப்போம்" என்றாள்.

சனிக்கிழமை செய்து காட்டினார். மிளகு டப்பாவைத் தேடிக்கொண்டு நின்றது அப்போதுதான். இஞ்சி, பூண்டு, ரம்பை இலை, வெந்தயம் என்று நோன்புக் கஞ்சிக்குப் போடுவதையெல்லாம் போட்டார். தேங்காய்ப்பாலுக்குப் பதில் தோலெடுத்த கோழியை வேக வைத்த தண்ணீர். எல்லாம் சரி. ஆனால் நோன்புக் கஞ்சியைப் போலவே ஓட்ஸையும் பெரிய சட்டியில் கொட்டி, அது பாட்டுக்குக் கொதிக்கட்டும் என்று விட்டதுதான் தப்பாகிவிட்டது. டம்ளரில் கலக்கிப் பழகிய கைக்கு இந்த ஊரின் கஞ்சிக் கணக்கு ஒத்து வரவில்லை. கரண்டியை நட்டால் நின்றது. தூக்கினால் சட்டியும் சேர்ந்து வந்தது.

யுஸ்ரா எட்டிப் பார்த்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு ஓடினாள். ஜமீலா ஒரு விரலால் தொட்டு, கட்டைவிரலோடு ஒட்டிப் பிரித்துப் பார்த்தாள். "எலெக்சனுக்குக் குடுங்க, ஊரு பூரா போஸ்டர் ஒட்டிட்டு மிச்சமும் வைப்பானுவ" என்றாள். மக்தூமுக்கு முகம் தொங்கிப்போனது. அதைப் பார்த்ததும் அவளுக்கே பாவமாகிவிட்டது. "ரவைய வறுக்காம யாராச்சும் உப்புமா கிண்டுவாஹளா? இதையும் வெறுஞ்சட்டில போட்டு வாசம் வர வறுங்க. தண்ணி கொதிச்ச பொறவு தூவுங்க" என்று சொல்லிவிட்டுப் போனாள். போனவள் திரும்பி வந்து, "அடுப்பக் கொறைச்சு வையுங்க" என்றாள்.

வறுத்துச் செய்ததும் வந்துவிட்டது. பொலபொலவென்று இல்லாவிட்டாலும் கையால் அள்ளுகிற பக்குவம். ருசியும் மோசமில்லை. ஆனால் அதிலும் ஒரு வில்லங்கம் இருந்தது. இறக்கிக் கொஞ்ச நேரம் ஆனால் போதும், இறுகிக் கட்டியாகிவிடுகிறது. ஆக, முன்கூட்டிச் செய்து மூடி வைக்க முடியாது. விருந்தாளி உள்ளே நுழைகிற நேரம்தான் ஓட்ஸ் சட்டியில் விழ வேண்டும். இது என்ன கூத்தில் கொண்டுபோய் விடும் என்று மக்தூம் யோசிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை தெரிந்தது. வாசலில் கார் நின்ற சத்தம் கேட்டபோது பெண்ணைப் பெற்றவர் அடுப்படியில் கரண்டியோடு நின்றார். சம்மந்தியை வாசலுக்குப் போய் ஸலாம் சொல்லிக் கையைப் பிடித்து அழைத்து வர வேண்டிய மனுசன்! ஜமீலாவின் தம்பி நௌஃபல்தான் ஓடிப்போய்ச் சமாளித்தான். சம்மந்தியம்மா பெண்கள் வருகிற முடுக்குச் சந்து வழியாகக் கொல்லை வாசலுக்கு வந்துவிட்டார். அவரை உட்கார வைத்துவிட்டு ஜமீலா அடுப்படிக்குள் பாய்ந்தாள்.

"உங்களுக்குக் கொஞ்சமாச்சும் இது இருக்கா? அவுஹ கூடத்துல வந்து உக்காந்தாச்சு. நீங்க இங்கன நின்னு கிண்டிக்கிட்டு நிக்கிறீங்க. கரண்டியக் குடுங்க, நான் பாத்துக்கிடுதேன். போங்க!"

கையை நீட்டினாள். மக்தூம் கரண்டியைக் கொடுக்கவில்லை. "இப்ப விட்டாக் கட்டியாயிரும் புள்ள. இன்னும் ரெண்டு கிண்டு."

"சம்மந்தியம்மா கேட்டா நான் என்னன்னு சொல்ல?"

"அடுப்படியில நிக்குதாஹன்னு சொல்லு."

ஜமீலா அப்படியே நின்றாள். கோபத்தில் மூக்கு விடைத்தது. பிறகு என்ன நினைத்தாளோ, முக்காட்டைச் சரிசெய்துகொண்டு உள்ளறைக்குப் போனாள். அவள் குரல் தெளிவாகக் கேட்டது. "அவுஹ அடுப்படியில நிக்குதாஹ மாமி. சம்மந்திக்குன்னு அவுஹளே காச்சுதாஹ." உள்ளே பெண்கள் சிரித்தார்கள். கேலியா, சந்தோஷமா என்று மக்தூமுக்குப் பிடிபடவில்லை. அவர் புதினாவைத் தூவி இறக்கினார்.

சஹனில் கொட்டி ஆவி பறக்க எடுத்துக்கொண்டு கூடத்துக்கு வந்தபோது, பாயில் இடியாப்ப சஹன் இருந்தது. நௌஃபல் அதன் முன்னால் ஒற்றையாக உட்கார்ந்திருந்தான். தமீம் ஹாஜியார் மூலையில் நாற்காலியில் இருந்தார். நல்ல ஆகிருதியான மனுசன், சட்டைக்குள் இளைத்துப்போயிருந்தார். மடியில் டிபன் பாக்ஸ் திறந்திருந்தது. ஆறிப்போன ஓட்ஸ், அதில் ஒரு ஸ்பூன்.

மக்தூம் ஸலாம் சொல்லி, சஹனைப் பாயில் வைத்தார். "வாங்க சம்மந்தி. இது உங்களுக்கு ஆகும். எண்ணெ இல்ல, தேங்கா இல்ல."

ஹாஜியார் எட்டிப் பார்த்தார். முகம் சுருங்கியது. "ஓட்ஸா? எனக்காவ நீங்களும் நோயாளிச் சாப்பாடு சாப்புடணுமா? வேணாம் சம்மந்தி. நீங்க உங்க பசியார சாப்புடுங்க. நான் கொண்டாந்துருக்கேன்." மரியாதையாகத்தான் சொன்னார். ஆனால் பேச்சு அதோடு முடிந்தது என்கிற மாதிரி ஸ்பூனை எடுத்தார்.

நௌஃபல் மச்சானைப் பார்த்தான். உள்ளறைக் கதவுக்குப் பின்னால் ஜமீலா நிற்கிறாள் என்று மக்தூமுக்குத் தெரியும். நாள் குறிக்க வந்த இடத்தில் சம்மந்தியை மனசு நோக வைத்துவிட்டோமே, எல்லாவற்றையும் நானே கெடுத்துவிட்டேனே என்று நினைத்தார். சமாளித்துப் பேச அவருக்கு வராது. இருந்ததைச் சொன்னார்.

"உங்களுக்காவ இல்ல சம்மந்தி. எனக்காவத்தான். தம்மாம்ல நான் இத நின்னுக்கிட்டே குடிச்ச ஆளு. யாரு கூடயாச்சும் உக்காந்து சாப்புடணும்னு இருந்துச்சு. இந்த ஊருல ஓட்ஸு சாப்புடுற ஆம்பள வேற யாரு இருக்கா? உங்களத்தான் புடிக்க முடிஞ்சுது."

ஹாஜியார் டிபன் பாக்ஸை மூடினார். நாற்காலியின் கையைப் பிடித்து எழுந்து, ஒரு கையை நெஞ்சில் வைத்துக்கொண்டு, மெல்ல மெல்லத் தரையில் இறங்கினார். நௌஃபல் தாங்கப் போனான். "இருப்பா, நான் உக்காருவேன்" என்றார். உட்கார்ந்து பிஸ்மி சொல்லிக் கையை வைத்தார்.

"யா அல்லாஹ், சுடுது!" என்று கையை உதறினார். மூன்று பேரும் சிரித்தார்கள்.

ஹாஜியார் ஓரத்திலிருந்து அள்ளி அள்ளி, ஊதி ஊதிச் சாப்பிட்டார். பசித்த மனுசன் சாப்பிடுகிற மாதிரி சாப்பிட்டார். பாதியில் ஒரு கோழித்துண்டை விரலால் மக்தூம் பக்கம் தள்ளினார். மக்தூம் திருப்பித் தள்ளினார். அவர் மறுபடியும் தள்ளினார். நௌஃபல் இடியாப்பத்தை விட்டுவிட்டு நகர்ந்து வந்து, நடுவில் கிடந்த அந்தத் துண்டை எடுத்து வாயில் போட்டுக்கொண்டான். "உப்பே இல்லியே மச்சான்" என்றான்.

"உப்பு இல்லதான்" என்றார் ஹாஜியார். "வூட்டுல நான் சாப்புடும்போது அவ எதிர்ல நின்னு பாத்துக்கிட்டே இருப்பா. புள்ளைக்கு ஊட்டுற மாதிரி. எனக்குத் தொண்டைல எறங்காது. இன்னைக்கு எறங்குது." அவர் கண் கலங்கியதை மக்தூம் பார்க்காத மாதிரி பாயைப் பார்த்தார். அவருக்கும் கலங்கித்தான் இருந்தது.

ரபியுல் அவ்வல் மாதப் பிறை பார்த்து வரும் முதல் வெள்ளிக்கிழமை நிக்காஹ் என்று பேசி முடித்தார்கள். சர்க்கரை போடாத டீ குடித்தார்கள். போகும்போது சம்மந்தியம்மா கொல்லை வாசலில் நின்று ஜமீலாவிடம், வறுத்துத்தான் போடணுமா, எவ்வளவு நேரம் என்று கேட்டுக்கொண்டு போனார். கார் கிளம்பிப் போய், நௌஃபலும் கடை திறக்கப் போன பிறகு வீடு அமைதியானது.

மக்தூம் அடுப்படிக்கு வந்தார். ஜமீலா சட்டியின் அடியில் பிடித்திருந்ததைக் கரண்டியால் சுரண்டி, நின்றபடியே வாயில் போட்டுக்கொண்டிருந்தாள். காலையிலிருந்து அவள் ஒன்றும் சாப்பிட்டிருக்கவில்லை.

"எப்படி இருக்கு?"

"இருக்கு." இன்னொரு வாய் சுரண்டினாள். "மிளகு காணாது. அடுத்த தடவ கூடப் போடுங்க."

அடுத்த தடவை என்று அவள் சொன்னது மக்தூமின் காதில் விழுந்தது. ஜமீலா சட்டியை எடுத்துக் குழாயடியில் நங்கென்று வைத்தாள். இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"ஊறட்டும்னு போட்டுட்டுப் போயிராதீங்க. இது காஞ்சா வேலைக்கு ஆகாது. சூட்டோட சூடாத் தேச்சுருங்க. கரி புடிச்ச எடத்துல நல்லா அழுத்தித் தேயுங்க, மேலாப்பல தண்ணிய ஊத்திட்டுத் தேச்சாச்சுன்னு சொல்லப்படாது. எனக்குக் காலு ஓயுது. நான் கொஞ்சம் சாயுதேன்."

போய்விட்டாள். கூடத்துப் பாயில் அவள் கனத்து உட்காருகிற சத்தமும் ஒரு பெருமூச்சும் கேட்டன. யுஸ்ரா அடுப்படிக்குள் வந்தவள், வாப்பா குழாயடியில் குத்தவைப்பதைப் பார்த்துப் பதறிப்போனாள்.

"வாப்பா, எழும்புங்க. குடுங்க, நான் தேய்க்கேன்."

"ஏளா" என்று கூடத்திலிருந்து சத்தம் வந்தது. படுத்தபடியே சொல்கிற குரல். பாதித் தூக்கத்தில் இருந்தது. "நீ போயி உன் ஜோலியப் பாரு. அது அவுஹ வேல."

யுஸ்ரா வாப்பாவைப் பார்த்தாள். மக்தூம் தலையைத் தூக்கவில்லை. கைலியை முழங்காலுக்கு மேல் சுருட்டிக்கொண்டு, சட்டியை மடிக்குள் இழுத்துச் சாய்த்து வைத்து, அடிக்கரியை அழுத்தித் தேய்த்துக்கொண்டிருந்தார். நுரை முழங்கைக்கு ஏறி, வெள்ளைச் சட்டையின் கையெல்லாம் நனைந்து கறுத்துக்கொண்டு வந்தது.